மூக்கெலும்பில் தொடங்கும் நடை

அமெரிக்காவின் ஆரிகன் மாநிலத்தில், காஸ்கேட் மலைத்தொடரின் கிழக்குச் சரிவில் இருக்கிறது அந்தப் பண்ணை. மலையேறுபவர்களின் கூடாரத்தையும் உணவையும் சுமக்க லாமாக்களைப் பழக்கித் தருவது பண்ணைக்காரர்களின் தொழில்.

அன்றைய பாடம் ஒரு வயது ஆண் லாமாவுக்கு. பத்தடிக்குப் பத்தடிப் பட்டிக்குள் அதை விட்டுவிட்டு, பழக்கும் பெண்மணி தானும் உள்ளே போனார். துரத்தவில்லை, மூலையில் நெருக்கவில்லை. லாமா கழுத்தை நிமிர்த்தி ‘ம்ம்ம்’ என்று முனகியது. பதற்றம் வந்தால் இப்படி முனகும். அது அடங்கும்வரை தோளருகே நின்றார். பிறகுதான் ‘ஹால்டர்’ எனப்படும் நைலான் முகப்பட்டையைக் கையில் எடுத்தார்.

“இங்கே தொட்டுப் பாருங்கள்” என்றார் என்னிடம். கண்ணுக்குக் கீழே மூக்குத்தண்டு கெட்டியாக இருந்தது. விரலைக் கொஞ்சம் கீழே நகர்த்தியதும் அமுங்கியது. எலும்பு அவ்வளவுதான், மிச்சம் குருத்தெலும்பு. லாமா பெரும்பாலும் மூக்கால் மட்டுமே மூச்சுவிடும் பிராணி. பட்டை நழுவிக் குருத்தெலும்பை அழுத்தினால் மூச்சு முட்டும். தலையை உதறும், பின்வாங்கும், படுத்துக்கொள்ளும். முரடு என்று பெயரெடுத்து வந்த எத்தனையோ லாமாக்களைப் பட்டையை மட்டும் சரிசெய்து நடக்கவைத்திருக்கிறார் இவர். மூக்குப்பட்டை கண்ணையொட்டி எலும்பின் மேல் உட்கார வேண்டும். வாய் அசைபோடத் தளர்வு வேண்டும். காதுக்குப் பின்னால் போகும் வார் மட்டும் நழுவாதபடி இறுக்கமாக இருக்க வேண்டும்.

அடுத்தது கயிறு. விடாமல் இழுத்தால் லாமாவும் விடாமல் எதிர்த்து இழுக்கும். வளர்ந்த லாமா 130 கிலோவைத் தாண்டும். மனிதர் ஜெயிக்க முடியாது. எனவே லேசாகச் சுண்டுகிறார். ஓரடி எடுத்து வைத்ததும் கயிற்றைத் தளர்த்திவிடுகிறார். அந்தத் தளர்வே அதற்குக் கிடைக்கும் பரிசு. கயிற்றைக் கையில் சுற்றிக்கொள்ள வேலையாட்கள் யாருக்கும் அனுமதியில்லை. மிரண்டு ஓடினால் விரல் போய்விடும்.

ஆண் குட்டிகளைக் கொஞ்சவும் தடை. தாயிடமிருந்து பிரித்துப் புட்டிப்பாலில் வளர்த்தால், பருவம் வந்ததும் மனிதரைப் போட்டி ஆணாக நினைத்து முட்டித் தள்ளும். சுமைக்கும் அவசரமில்லை. எலும்பு முற்றி மூன்று, நான்கு வயதான பிறகே 25, 30 கிலோ ஏற்றுகிறார்கள்.

லாமாவின் தாயகமான ஆண்டிஸ் மலைகளில் சுமை லாமாக்களைக் கூட்டமாகவே ஓட்டிச் செல்வது மரபு. மணி கட்டிய முன்னோடி நடக்க, மற்றவை பின்தொடரும். மந்தையில் பிறந்த பிராணிக்குத் தைரியம் கூட்டத்திலிருந்துதான் வருகிறது. இங்கே ஒன்றைத் தனியே பிரித்துக் கயிற்றில் நடத்தும்போது, முன்னோடியின் இடத்தில் ஒரு மனிதர் நிற்கிறார். அவர் பதறினால் அதுவும் பதறும். இந்தப் பொறுப்பை உணர்ந்தவர் கையில்தான் லாமா நிதானமாக நடக்கிறது.

லாமா வாங்கப் போகிறவர்களுக்கு ஒன்று சொல்வேன்: விலை பேசுமுன் அதைப் பழக்கியவரிடம் ஒரு பொழுது செலவழியுங்கள். அது நடக்கக் கற்றுக்கொண்டுவிட்டது. நீங்கள் நடத்தக் கற்க வேண்டும்.