பெர்ன்ஹில்லில் கேட்ட டெலிவிஷன் கதை

குன்னூரிலிருந்து மலை ரயிலில் வந்தால், லவ்டேலுக்கும் ஊட்டிக்கும் நடுவே இருக்கிறது பெர்ன்ஹில். சுற்றுலாக் கூட்டமெல்லாம் ஏரி, பூங்கா என்று போய்விட, இந்தப் பக்கம் அமைதியாக இருக்கிறது. மைசூர் மகாராஜாவின் கோடை அரண்மனை, யூகலிப்டஸ் வாசனை, பகலிலும் ஸ்வெட்டர் கேட்கும் குளிர். 7,000 அடிக்கு மேல் உயரமாயிற்றே!

நாங்கள் தங்கிய வீட்டு மாமி, சென்னையில் 1975 ஆகஸ்ட் 15-ல் டெலிவிஷன் தொடங்கிய புதிதில் அங்கே அறிவிப்பாளராக இருந்தவர். சூடான டீயும் வர்க்கியும் வைத்துவிட்டுப் பேச ஆரம்பித்தார்.

"அப்போல்லாம் நிறைய நிகழ்ச்சி நேரடியாத்தான் போகும். ரசத்துல உப்பு கூடினா சரி பண்ணிக்கலாம். இதுல வாய் தவறினா தவறினதுதான்!"

புடவைக்கும் கட்டுப்பாடு உண்டாம். பளிச்சென்ற வெள்ளை கூடாது. கறுப்பு வெள்ளைத் திரையில் கண் கூசும். ஜரிகை விளக்கொளியில் மின்னும். பொடிக் கட்டம் திரையில் நெளியும். கண்ணாடி வளையல் மைக்கில் கலகலக்கும். தலைக்கு மேலே விளக்குகளின் அனல். எதிரே ஒருவர் வாய் திறக்காமல், மூன்று, இரண்டு, ஒன்று என்று விரலை மடக்குவார். அந்த நொடியில் சிரித்த முகமாகப் பேச வேண்டும். சமையல் நிகழ்ச்சி என்றால் நறுக்கியது, பாதி வெந்தது, இறக்கியது என்று ஒரே பதார்த்தம் மூன்று பாத்திரங்களில் தயாராக இருக்குமாம்!

"உங்கம்மா பார்த்துப் பூரிச்சுப் போயிருப்பாங்களே, மாமி?" என்றேன்.

"எங்கேம்மா? அம்மா இந்த வீட்டுல இருந்தா. மெட்ராஸ் டி.வி. இவ்வளவு தூரம், இத்தனை மலை தாண்டி எப்படி வரும்?"

1983-ல் இன்சாட்-1பி செயற்கைக்கோள் மேலே போன பிறகுதான் ஊர் ஊராகச் சிறிய ஒளிபரப்பு நிலையங்கள் வந்தன. அதற்குள் அம்மா காலமாகிவிட்டார். பதிவு நாடாவும் விலை அதிகம் என்று அழித்து அழித்து உபயோகித்த காலம் அது. மாமி தோன்றிய ஒரு நிமிஷம்கூட இன்று மிச்சமில்லை.

ஆனால் ஒவ்வொரு வாரமும் அம்மா, "என்ன புடவை கட்டிண்டே?" என்று கடிதத்தில் கேட்பாராம். மாமியும் நிறம், பார்டர், தலைப்பு எல்லாம் விவரமாக எழுதுவாராம். அந்தக் கடிதங்களை அம்மா ஒரு பிஸ்கட் டின்னில் பத்திரப்படுத்தியிருந்தார்.

"ஊரெல்லாம் என்னைக் கறுப்பு வெள்ளையில பார்த்தது. அம்மாவுக்குத்தான் நிறம் தெரியும்" என்றார் மாமி.

சகோதரிகளே, அம்மா வெளியூரில் இருந்தால், அடுத்த முறை பேசும்போது இன்று என்ன புடவை என்றும் சொல்லுங்களேன்!