எங்கள் கிராமம்

பத்தாம் வகுப்பு மாணவர்களை ஒருநாள் 'எங்கள் கிராமம்' என்னும் தலைப்பில் கட்டுரை எழுதப் பணித்தேன். பாடநூலில் கண்ட ஆற்றங்கரையையும் வயல்வெளியையும் எழுதித் தருவார்கள் என்றே எண்ணினேன். பின்வரிசையிலிருந்து ஒரு மாணவி எழுந்தாள். "சேர், எங்களுக்குக் கிராமம் இல்லைதானே? நாங்கள் தோட்டந்தானே?" என்றாள்.

பல்கலைக்கழகத்தில் தமிழ் கற்றவன் நான். மலையும் மலை சார்ந்த இடமும் குறிஞ்சி என்று இலக்கணம் சொல்லத் தெரியும். ஊவா மலையில், லயத்துக் காம்பராவில் பிறந்தவன் என்ற முறையிலேனும் அச்சிறுமிக்கு விடை சொல்லத் தெரிந்திருக்க வேண்டும். அன்று தெரியவில்லை.

கிராமம் என்பது என்ன? தலைமுறை தலைமுறையாக ஒரே மண்ணில் பிறந்து, மணந்து, மாண்டு வருபவர்களின் இருப்பிடம் கிராமமாகாதா? இம்மலைகளில் காடழித்துக் கோப்பி நட்டவர்கள் தென்னிந்தியாவிலிருந்து வந்த தமிழர்கள். 1869இல் இலைநோய் கண்டு கோப்பி அழியத் தொடங்கிய பின், அதே சரிவுகளில் தேயிலையை வளர்த்தவர்களும் அவர்களே, அவர்கள் வழிவந்தோரே. மாரியம்மனுக்குக் கோயில் எடுத்தார்கள்; மாசியில் காமன் கூத்து ஆடினார்கள்; பீலிக்கரையில் சண்டையிட்டவர்கள் சாவு வீட்டில் ஒன்றுகூடினார்கள். ஒரு காம்பராவின் அடுப்புப் புகை அடுத்த காம்பராவுக்குள் நுழைவதால், எந்த வீட்டில் இன்று உலை கொதிக்கவில்லை என்பது லயத்தில் யாருக்கும் மறைவில்லை. கிராமத்துக்கு இதைவிட வேறென்ன இலக்கணம் வேண்டும்?

சட்டம் வேறு இலக்கணம் வைத்திருந்தது. 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் இம்மக்களில் மிகப் பெரும்பாலோரை நாடற்றவர்களாக்கியது. 1964இன் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம், அவர்களைக் கேளாமலேயே 5,25,000 பேரை இந்தியாவின் பங்காக எழுதியது. அடுத்த காம்பராக்காரர்கள் சட்டிபானைகளைக் கட்டிக்கொண்டு புகைவண்டி ஏறிய நாளைப் பற்றி அப்பா பேசத் தொடங்கினால் பாதியில் நிறுத்திவிடுவார். 1987ஆம் ஆண்டுப் பிரதேச சபைச் சட்டத்தின் 33ஆம் பிரிவோ, தோட்டக் குடியிருப்புகளுக்குச் சபைகள் பணம் செலவிடத் தடையாக நின்றது. அது திருத்தப்பட்டது 2018இல்தான். அதுவரை எங்கள் வாக்கு சபைக்கு வேண்டியிருந்தது. எங்கள் பாதை வேண்டியிருக்கவில்லை.

இது வெறும் சொல்வழக்குத்தானே என்று நினைப்போர் கொஸ்லந்தைக்கு அருகிலுள்ள மீரியபெத்தையை நினைத்துப் பார்க்கட்டும். 2014 அக்டோபர் 29ஆம் நாள் காலை, மலை சரிந்து அங்கிருந்த லயங்களை மூடியது. பள்ளிக்குப் புறப்பட்டுவிட்ட பிள்ளைகள் பலர் பிழைத்தனர். திரும்பி வந்தபோது அவர்களுக்கு வீடும் இல்லை, பெற்றோரும் இல்லை. அவ்விடம் ஆபத்தானது என 2005இலும் 2011இலும் எச்சரிக்கப்பட்டிருந்தது. போவென்றால் எங்கே போவது? சொந்தமாக ஒரு துண்டு நிலமும் இல்லாதவர்களுக்குச் சொல்லப்பட்ட எச்சரிக்கை அது.

அதனினும் கொடியது ஒன்றுண்டு. மண்ணுக்குள் இருப்பவர் எத்தனை பேர் என்று உடனே சொல்ல எவராலும் இயலவில்லை. முந்நூறு என்றார்கள், நூறு என்றார்கள், பின்னர் நாற்பதுக்கும் குறைவு என்றார்கள். அன்று காலை பறிக்கவேண்டிய கொழுந்துக்கு நிறை குறிக்க ஏடு இருந்தது. ஆட்களுக்கு இல்லை.

பதுளை நகரில் புனித மாற்கு தேவாலயம் இருக்கிறது. 1845இல் அப்புத்தளையில் மின்னல் தாக்கி இறந்த மேஜர் ரொஜர்ஸ் என்னும் ஆங்கில அதிகாரியின் நினைவாக எழுப்பப்பட்டது. அவர் ஆயிரத்துக்கு மேற்பட்ட யானைகளைச் சுட்டவர் என்பர். இந்நாட்டில் அவர் சுட்ட யானைகளுக்குக் கூட ஒரு கணக்கு இருக்கிறது!

உயிர் தப்பியவர்களில் பலர் ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் ஒரு தேயிலைத் தொழிற்சாலையில் முடங்கிக் கிடந்தபின், 2016இல் பூனாகலைப் பக்கம் புதுவீடுகள் பெற்றனர். நல்லதுதான். ஆனால் ஊவாவின் செங்குத்தான சரிவுகளில் இன்னும் எத்தனையோ லயங்கள் நிற்கின்றன.

மறுநாள் அந்த மாணவியைத் தன் லயத்தைப் பற்றியே எழுதச் சொன்னேன். இரண்டு பக்கம் எழுதிவந்தாள். ஒவ்வொரு காம்பராவிலும் இருப்பவர்களின் பெயர்களை வரிசையாக எழுதியிருந்தாள். பிறந்து பத்து நாளேயான குழந்தைக்கு இன்னும் பெயர் வைக்கவில்லை என்பதையும் குறித்திருந்தாள். கடைசி வரி இது: "எங்கள் லயத்துக்குப் பின்னால் மண் வெடித்திருக்கிறது, மழைக்கு அது அகலமாகிறது."

எழுத்துப்பிழை திருத்தச் சிவப்புப் பேனாவை எடுத்தவன் கீழே வைத்துவிட்டேன். அந்தக் கட்டுரையை அப்படியே பிரதிசெய்து, உரிய அலுவலகத்துக்கு நானும் அவளுடைய அப்பாவும் கையொப்பமிட்டு அனுப்பினோம். இன்னும் பதில் வரவில்லை, மழைக்காலம் வந்துகொண்டிருக்கிறது. ஆசிரிய நண்பர்களே, உங்கள் வகுப்புகளிலும் இத்தலைப்பைக் கொடுங்கள். பிள்ளைகள் எழுதித் தருவதை மதிப்பெண் இட்டு மூடி வைத்துவிடாதீர்கள்.