எஞ்சின் வாங்கவா, வாடகைக்கே ஓட்டவா?

தை பிறந்துவிட்டால் எங்கள் பக்கத்து விவசாயிகளிடமிருந்து தவறாமல் வரும் கேள்வி இது. காரைக்குடி, கல்லல், தேவகோட்டைச் சுற்றுவட்டாரத்தில் பெரும்பாலும் கண்மாய்ப் பாசனம். புழுதியில் விதைத்து, வடகிழக்குப் பருவமழையை நம்பி வளரும் நெல். மழை மார்கழியோடு முடிந்துவிடும். கதிர் பால் பிடிக்கும் நேரத்தில் மடைத் தண்ணீர் கடைசி வயலுக்கு ஏறாது. அப்போது பள்ளத்தில் கிடக்கும் தண்ணீரையோ பக்கத்துக் கிணற்றுத் தண்ணீரையோ டீசல் எஞ்சின் வைத்து இறைத்தாக வேண்டும்.

சென்ற பட்டத்தில் கல்லல் பக்கம் ஒருவர் இந்தக் கேள்வியோடு வந்தார். ஒன்றரை ஏக்கர் நெல். "மணிக்கு 200 ரூபா வாடகை கேக்குறாங்க சார். வருசா வருசம் கொடுத்துக்கிட்டே இருக்குறதுக்கு, வீட்ல உள்ள நகைய வச்சு சொந்தமா ஒண்ணு வாங்கிறலாம்னு பாக்குறேன்" என்றார். ஓஸ் குழாயோடு சேர்த்து 32,000 ரூபாய் என்று கடையில் விலை சொல்லியிருந்தார்களாம்.

"வருசத்துக்கு எத்தனை மணி நேரம் ஓட்டுவீங்க?" என்று கேட்டேன். அவருக்குச் சட்டென்று சொல்லத் தெரியவில்லை. நம்மில் பலருக்கும் தெரியாது. கொடுத்த பணம் நினைவிலிருக்கும், ஓடிய நேரம் இருக்காது. கொடுத்த வாடகையை 200 ஆல் வகுத்துப் பார்த்ததில் ஏறக்குறைய 30 மணி நேரம் வந்தது.

இனி கணக்கு. வாடகைக்கு எடுத்தால் ஆண்டுச் செலவு என்பது 200-ஐ மணி நேரத்தால் பெருக்குவது, அவ்வளவுதான். ஓட்டாவிட்டால் செலவே இல்லை. சொந்த எஞ்சின் அப்படியல்ல. அது கொட்டகையில் சும்மா கிடந்தாலும் செலவு வைக்கும். 8 ஆண்டு உழைக்கும் என்று வைத்தால் தேய்மானம் ஆண்டுக்கு 4,000. பழுதுபார்ப்புக்கு 1,000. ஆக 5,000 ரூபாய் ஓட்டினாலும் ஓட்டாவிட்டாலும் உண்டு. அதற்கு மேல் டீசல், மசகு எண்ணெய் எல்லாம் சேர்த்து மணிக்கு 100 ரூபாய்.

வாடகை: செலவு = 200 × மணி.
சொந்தம்: செலவு = 5,000 + 100 × மணி.

ஒன்பதாம் வகுப்புப் புத்தகத்தில் பிள்ளைகள் எக்ஸ், ஒய் என்று எழுதிப் படிக்கும் நேரியல் சமன்பாடு இதுதான். அவருடைய மகளும் அந்த வகுப்புதான். மறுநாள் அவர் வீட்டுக்குப் போயிருந்தபோது அந்தப் பெண்ணிடம் வரைபடத் தாளைக் கேட்டு வாங்கி, அவளையே வரையச் சொன்னேன். கிடைக்கோட்டில் மணி நேரம், நிற்கும் கோட்டில் ரூபாய். நேர்கோடு வரைய இரண்டு புள்ளி போதும். வாடகைக்கு: 0 மணிக்கு 0, 60 மணிக்கு 12,000. சொந்தத்துக்கு: 0 மணிக்கு 5,000, 60 மணிக்கு 11,000. இரண்டு கோடும் 50 மணி, 10,000 ரூபாய் என்ற இடத்தில் வெட்டிக்கொண்டன. 50 மணிக்குக் குறைவாக ஓட்டுகிறவருக்கு வாடகை மலிவு, கூடுதலாக ஓட்டுகிறவருக்குச் சொந்தம் மலிவு. நம்மவர் நிற்பது 30-ல். வாடகைக்கு 6,000, சொந்தமென்றால் 8,000.

"அப்பா, நகை வட்டிய இதுல சேக்கவே இல்லையே" என்றாள் அந்தப் பெண். நியாயமான கேள்வி. நூற்றுக்கு 9 வட்டி என்று வைத்தால் 32,000-க்கு முதல் ஆண்டு வட்டி 2,880. அதையும் சேர்த்தால் சொந்தக் கோடு 5,000-லிருந்து அல்ல, 7,880-லிருந்து கிளம்புகிறது. சாய்வு மாறுவதில்லை. கோடு அப்படியே இணையாக மேலே நகர்கிறது. ஆனால் வாடகைக் கோட்டை அது வெட்டும் இடம் 50 மணியிலிருந்து 79 மணிக்குத் தள்ளிப் போய்விடுகிறது. கடன் வாங்கிப் பொருள் வாங்குகிறவர்கள் கடைக்காரர் சொல்லும் விலையைப் பார்க்கிறார்கள், இந்தத் தள்ளிப்போன புள்ளியைப் பார்ப்பதில்லை. பர்மா வரைக்கும் போய் வட்டித் தொழில் செய்து, ஒரு சல்லி விடாமல் ஐந்தொகை எழுதிய மண்ணில் இருந்துகொண்டு நாம் வயல் கணக்கை மட்டும் வாய்க்கணக்காகவே வைத்திருக்கிறோம்.

இலவச மின்சார இணைப்பில் மோட்டார் ஓட்டுகிறவருக்கு இந்தக் கோடு ஏறக்குறையப் படுத்தே கிடக்கும். டீசல்காரர் அவரைப் பார்த்து முடிவெடுக்கக் கூடாது.

அந்த அம்மா அதுவரை பேசாமல் நின்றிருந்தார். "கணக்கு சரிதான் சார். ஆனா போன தை மாசம் வாடகை எஞ்சினுக்கு நாலு நாள் காத்துக் கெடந்தோம். கதிரு பாதி பதராப் போச்சு. அது இந்தத் தாள்ல எங்க இருக்கு?" என்றார். இல்லைதான். அவர் நகையைக் கழற்றித் தரச் சம்மதித்ததே அந்த நாலு நாளுக்குப் பயந்துதான்.

பேச்சு பக்கத்து வயல்காரர்கள் பக்கம் திரும்பியது. இவருக்கு 30 மணி, மற்ற மூவருக்கு 25, 35, 20. மொத்தம் 110. நால்வர் சேர்ந்தால் ஆளுக்கு 8,000, நகை வீட்டிலேயே இருக்கும். இவ்வளவு ஓடினால் எஞ்சின் 8 ஆண்டு தாங்காது, 5 ஆண்டு என்றே வைத்தேன். தேய்மானம் 6,400, பழுதுக்கு 2,000, டீசல் 11,000. ஆக 19,400. வாடகை என்றால் 22,000. மிச்சம் 2,600, ஆளுக்கு 650 ரூபாய்தான். காசுக்காக இல்லை, காத்திருக்காமல் இறைப்பதற்காக வாங்கினார்கள். யார் முதலில் இறைப்பது என்பதைச் சமன்பாடு சொல்லாது. மண் சீக்கிரம் காய்கிற மேட்டு வயலிலிருந்து தொடங்குவதென்று அவர்களே பேசி முடித்துக்கொண்டார்கள்.

நேர்கோட்டை எல்லா இடத்திலும் நம்பக் கூடாது என்பதையும் சொல்ல வேண்டும். ஒரு மூட்டை யூரியாவுக்குக் கூடிய விளைச்சல் இரண்டாவது மூட்டைக்கும் அதே அளவு கூடாது. கோடு வளைந்து, பிறகு கீழே இறங்கும். பயிர் சாயும், குலைநோயும் இலைச்சுருட்டுப் புழுவும் வரும். கண்மாயும் அப்படித்தான்.

சில ஆண்டுகளுக்கு முன், மழை சீக்கிரமே நின்றுபோன ஒரு பட்டத்தில், ஒரு ஊரில் மடைக்கல்லில் அளவுக்கோடு போட்டுத் தினமும் தண்ணீர் மட்டத்தைக் குறித்து வந்தார்கள். முதல் நாள் மடைப்படிக்கு மேல் 72 அங்குலம். நாளுக்கு 2 அங்குலம் இறங்கியது. மட்டம் = 72 − 2 × நாள். 36 நாளில் தீரும். பயிருக்குத் தண்ணீர் தேவை 35 நாள். போதும் என்று ஊர் நிம்மதியாக இருந்தது. ஆனால் கண்மாய் நேர்ச்சுவர் தொட்டியல்ல, சட்டி. கீழே போகப் போக அகலம் குறையும். அதே அளவு தண்ணீர் வெளியேறினாலும் மட்டம் வேகமாக இறங்கும். பத்தாம் நாள் 52 அங்குலம், சரி. அடுத்த ஏழு நாளில் தினம் இரண்டரை அங்குலமாகி, பதினேழாம் நாள் 34½-ல் நின்றது. இன்னும் 18 நாள் வேண்டும். அந்த வேகத்தில் 14 நாள்கூட வராது.

தாளில் புள்ளிகள் கோட்டை விட்டுக் கீழே விலகியதைக் கண்ணால் பார்த்த பிறகு ஊர்க்கூட்டத்தில் வாதம் நீளவில்லை. கதிர் வெளிவந்து பூக்கும் வயல்களைக் காயவிடாமல் பார்த்துக்கொண்டு, மற்ற வயல்களுக்குக் காய்ச்சலும் பாய்ச்சலுமாக ஒரு நாள் விட்டு ஒரு நாள் மடை திறப்பதென்று முடிவானது. மட்டம் இரண்டு நாளைக்கு மூன்றரை அங்குலமே இறங்கியது. இடையில் இரண்டு தடவை அளந்து பார்த்து முறையை மாற்றிக்கொண்டார்கள். கடைசி நனைப்பு வரை தண்ணீர் வந்தது. கடைமடையில் இரண்டு வயலுக்கு மட்டும் எஞ்சின் வைக்க வேண்டியிருந்தது.