போகியில் எரியாமல் தப்பிய நோட்டு

இந்தப் பதிவு கொஞ்சம் நீளம். ஒரு மன்னிப்பு கேட்க வேண்டியிருக்கிறது. அதைச் சுருக்கமாகக் கேட்டால் சரியாக இருக்காது.

போகிக்கு முந்தின நாள் டிரங்குப் பெட்டியைக் கவிழ்த்துப் பழைய காகிதங்களைப் பிரித்துக்கொண்டிருந்தேன். மகள் வயிற்றுப் பேரன் லீவுக்கு வாழவந்தி வந்திருந்தான். கோவையில் இன்ஜினியரிங் இரண்டாம் வருடம். அவனும் உதவிக்கு உட்கார்ந்தான். எரிக்க வேண்டிய குவியலில் நான் போட்ட ஒரு மெல்லிய நோட்டை எடுத்துப் புரட்டினான். பக்கம் பக்கமாக எண்கள். கட்டம் போட்டு, ஓரத்தில் மணி எழுதி, வரிசை வரிசையாக எண்கள்.

"அம்மாயி, இது யாரோடது? இது டைம்சைக்!" என்றான்.

எனக்கு அந்தச் சொல் புரியவில்லை. ஆனால் நோட்டு யாருடையது என்று பார்த்தவுடனே தெரிந்துவிட்டது.

2008. பிளஸ் ஒன் வகுப்பு. கடைசிக்கு முந்தின பெஞ்சில் ஒரு பையன். பெயர் நன்றாக நினைவிருக்கிறது, இங்கே எழுத மாட்டேன். நான் பாடம் நடத்தும்போது மடியில் நோட்டை வைத்து எண்கள் எழுதிக்கொண்டிருந்தான். பிடுங்கிப் பார்த்தேன். 250, 10, 800, 190, 195, 200... லாட்டரியை 2003-லேயே தமிழ்நாட்டில் தடை செய்துவிட்டார்கள். ஆனாலும் திருட்டுத்தனமாக மூன்று நம்பர் எழுதுகிறார்கள் என்று அப்போது ஊரெல்லாம் பேச்சு. இவனும் அதில் விழுந்துவிட்டான் என்று முடிவு கட்டினேன்.

கேட்டதற்கு, "இது கேம் டீச்சர். கடைல சிஸ்டத்த ஆஃப் பண்ணா நாம மாத்துனதெல்லாம் அழிஞ்சிரும். அதான் எழுதி வெச்சிருக்கேன்" என்றான். சனிக்கிழமைகளில் இருபது கொண்டை ஊசி வளைவும் இறங்கி சேலம் போய், ஏதோ ஒரு பிரவுசிங் சென்டரில் உட்காருவானாம். பொய் சொல்கிறான் என்று நினைத்தேன். அப்பாவை வரச் சொன்னேன்.

அப்பா காபித் தோட்டத்தில் கூலி வேலை. அரை நாள் கூலியை விட்டுவிட்டு வந்தார். என் முன்னாலேயே மகனை அடித்தார். நான் நாற்காலியை விட்டு எழுந்து "விடுங்க" என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. அவன் பிளஸ் டூ முடித்தான், கணக்கில் நல்ல மதிப்பெண்தான். ஆனால் அந்த நாளுக்குப் பிறகு என்னிடம் ஒரு சந்தேகம்கூடக் கேட்கவில்லை.

அவன் சொன்னது அத்தனையும் உண்மை என்று இந்தப் போகிக்குத்தான் தெரிந்தது. அப்போதைய கடைகளில் டீப் ஃப்ரீஸ் என்று ஒரு மென்பொருள் போட்டு வைப்பார்களாம். கணினியை அணைத்துப் போட்டால் பழைய நிலைக்கே திரும்பிவிடும். மாற்றியது எதுவும் தங்காது. அதனால்தான் பையன் நோட்டில் எழுதி வைத்து, ஒவ்வொரு வாரமும் முதலிலிருந்து தட்டியிருக்கிறான்.

விளையாட்டின் பெயர் ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ். 2004-ல் பிளேஸ்டேஷன் 2-க்கும், 2005-ல் கணினிக்கும் வந்தது. ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். அது 18 வயதுக்கு மேற்பட்டவர்களுக்கானது. துப்பாக்கி, திருட்டு, கெட்ட வார்த்தை எல்லாம் உண்டு. பதினாறு வயதுப் பையன் அதில் உட்கார்ந்தது சரி என்று இப்போதும் சொல்ல மாட்டேன். ஆனால் நான் தண்டித்தது அதற்காக இல்லையே.

இந்த விளையாட்டுகளின் தோற்றத்தை மேம்படுத்த ஆர்வலர்கள் செய்யும் மாற்றங்களுக்கு 'மாட்' என்று பெயர். பேரன் லேப்டாப்பில் எனக்குச் செய்து காட்டினான். முதலில் மொத்த ஃபோல்டரையும் வேறு இடத்தில் நகல் எடுத்து வைத்தான். "எது கெட்டாலும் இது இருக்கும் அம்மாயி" என்றான். அப்போதே எனக்கு மரியாதை வந்துவிட்டது.

அடுத்து ஈஎன்பி சீரிஸ் என்ற ஒன்றைப் போட்டான். விளையாட்டு ஒரு படத்தை வரைய வேண்டுமென்றால் விண்டோஸில் உள்ள டி3டி9 என்ற கோப்பிடம் சொல்லும். ஆனால் முதலில் தன் ஃபோல்டரில் அந்தப் பெயரில் ஏதாவது இருக்கிறதா என்று பார்க்கும். அங்கே அதே பெயரில் நம் கோப்பை வைத்துவிட்டால், கட்டளை நம் கையில் கிடைக்கும். நிழல், ஒளிவட்டம் எல்லாம் சேர்த்து அசல் கோப்பிடம் அனுப்பலாம். தபால்காரரை வழியில் நிறுத்தி, கடிதத்தில் இரண்டு வரி சேர்த்து ஒட்டி அனுப்புவது மாதிரி.

பார்க்க எப்படி இருந்தது? கல்யாண மண்டபத்து சீரியல் லைட் மாதிரி எல்லாம் மின்னியது. தனி கிராபிக்ஸ் கார்டு இல்லாத லேப்டாப் ஆனதால், கார் நகர்வது பழைய காலத்து சிலைடு படம் மாதிரி விட்டு விட்டு வந்தது. சேர்த்த கோப்புகளை நீக்கிவிட்டோம். விளையாட்டு பழையபடி ஓடியது.

அப்புறம்தான் நோட்டைத் திறந்தோம்.

டைம்சைக் என்பது வெறும் எழுத்துக் கோப்பு. நோட்பேடில் திறக்கலாம். வெயில், மேகம், மழை, மூடுபனி என்று ஒவ்வொரு வானிலைக்கும் எட்டு வரி. நள்ளிரவு, காலை 5, 6, 7, நண்பகல், இரவு 7, 8, 10. ஒவ்வொரு வரியிலும் வானத்தின் நிறம், வெளிச்சம், சூரியனின் அளவு, எவ்வளவு தூரம் வரை தெரிய வேண்டும், பனி எங்கே தொடங்க வேண்டும் என்று எண்களாகவே இருக்கும். புதிதாக எந்தப் படமும் சேர்ப்பதில்லை. எண்ணை மாற்றினால் காலையே மாறும். லேப்டாப்புக்கும் சுமை இல்லை.

பையன் மூடுபனி வரிகளில் பதினொரு எண்களை மட்டும் மாற்றியிருக்கிறான். எட்டு வரிக்கு எண்பத்தெட்டு. நான் வாசிக்க, பேரன் தட்டினான். ஒரு இடத்தில் பக்கத்து எண்ணை மாற்றிவிட்டான், சூரியன் பூசணிக்காய் அளவுக்கு வந்து நின்றது. சரிசெய்தோம். அசல் கோப்பைத் தொடவில்லை. மாட்லோடர் என்று ஒரு ஏற்பாடு இருக்கிறது. மாற்றிய கோப்பைத் தனி ஃபோல்டரில் வைத்தால் போதும், பிடிக்கவில்லை என்றால் எடுத்துவிடலாம்.

கணக்கு டீச்சருக்குப் பிடித்த இடம் இனிமேல்தான். பனி 10-ல் தொடங்கி 250-ல் முழுதாக மூடுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்த அலகு கிட்டத்தட்ட ஒரு மீட்டர். 130 மீட்டரில் நிற்கும் மரம் எவ்வளவு தெரியும்? 250-ல் 130 போனால் 120. 250-ல் 10 போனால் 240. 120-ஐ 240-ஆல் வகுத்தால் பாதி. மரம் பாதி, பனி பாதி. ஏழாம் வகுப்பு விகிதம்தான்.

பனியின் நிறம் அடிவானத்தின் நிறத்திலிருந்தே வருகிறது. அதனால் அடிவானத்துக்குச் சுத்த வெள்ளை கொடுத்தால் சுண்ணாம்பு அடித்தது மாதிரி இருக்கும். பையனுக்கு இது தெரிந்திருக்கிறது. 190, 195, 200 என்று எழுதி, பக்கத்தில் "வெள்ளை இல்லை. கொஞ்சம் நீலம் கலந்த சாம்பல்" என்று குறித்திருக்கிறான். இன்னொரு பக்கத்தில் "ஏரி, காலை 7", "லேடீஸ் சீட், காலை 6", "வீட்டு வாசல், காலை 6. சில்வர் ஓக் ஏழு மரம் வரை தெரியுது."

நின்று எண்ணியிருக்கிறான். ஸ்வெட்டர் இருந்ததோ இல்லையோ.

விளையாட்டில் சிலியாட் என்று ஒரு மலை உண்டு. மூடுபனி வானிலையை வரவழைக்க ஒரு சீட் கோடும் உண்டு. அதை அடித்து, மலைப் பாதையில் காரை நிறுத்திவிட்டுப் பார்த்துக்கொண்டிருந்தோம். நமக்கு ஒரு நொடி, அங்கே ஒரு நிமிடம். ஆறு மணியிலிருந்து ஏழு மணி ஆக ஒரு நிமிடம் ஆனது. மரங்கள் ஒவ்வொன்றாக வெளியே வந்தன. அமெரிக்காவை மாதிரி செய்த மலையில் நம் சேர்வராயன் மலையின் காலை. நான் கொஞ்ச நேரம் பேசவில்லை. பேரனும் பேசவில்லை.

மறுநாள் ஆறு மணிக்கு நானும் வாசலில் நின்று எண்ணினேன். என் வாசலில் ஆறு மரம்.

பேரன் இன்னொரு சங்கதியும் சொன்னான். பிளேஸ்டேஷன் 2-ல் இருந்த முதன்மை நினைவகம் 32 எம்பிதான். தூரத்தில் இருப்பதையெல்லாம் வரைய அதற்குச் சக்தி கிடையாது. அதனால் தூரத்தைப் பனியில் மறைத்தார்கள். 2021 நவம்பரில் இதே விளையாட்டை மெருகேற்றிப் புதிதாக வெளியிட்டபோது, அந்தப் பனி இல்லாமல் வந்தது. மலை உச்சியில் நின்றால் மூன்று நகரமும் ஒரே பார்வையில் தெரிந்தன. பெரிய நாடு என்று நினைத்திருந்தது ஒரு பொம்மைக் கொலு அளவுக்குச் சுருங்கிவிட்டது. ஆர்வலர்கள் உடனே பனியைத் திரும்பக் கொண்டுவர மாட் செய்தார்கள். 2024 நவம்பரில் நிறுவனமே பழைய வெளிச்சத்தை ஒரு தேர்வாகத் திருப்பிக் கொடுத்தது. எல்லாம் தெளிவாகத் தெரிந்தால்தான் அழகு என்று நினைத்தவர்களுக்கு அது ஒரு பாடம். மலையில் இருக்கிற நமக்கு அதைச் சொல்லித்தர வேண்டியதில்லை. அவனுக்கு 2008-லேயே தெரிந்திருந்தது.

பிள்ளைகள் இதில் இறங்கியிருந்தால், பெற்றோர் ஆன உங்களுக்கு நான் கற்றுக்கொண்ட நாலு வார்த்தை. முதலில் அந்த விளையாட்டு எந்த வயதுக்கானது என்று பாருங்கள். மாட் போடும் முன் அசலை நகல் எடுக்கச் சொல்லுங்கள். ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் போட்டுப் பார்க்கட்டும், அப்போதுதான் கெட்டது எதனால் என்று தெரியும். மாட் செய்தவரின் சொந்தப் பக்கத்திலிருந்தே எடுக்க வேண்டும். யாரோ அனுப்பிய லிங்க்கில் வரும் புரோகிராமைத் திறந்தால் வைரஸ் வரலாம். ஆன்லைனில் பிறரோடு ஆடும் விளையாட்டில் கோப்புகளை மாற்றினால் கணக்கையே முடக்கிவிடுவார்கள். இவ்வளவையும் சொல்லிவிட்டு, பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்து, "என்ன கண்ணு பண்ணற, எனக்கும் காட்டு" என்று கேளுங்கள். நான் கேட்காமல் விட்டது அந்த ஒரு கேள்வியைத்தான்.

இனி உனக்கு, தம்பி.

நோட்டின் கடைசிப் பக்கத்தில் நீ எழுதியிருப்பதை இப்போதுதான் படித்தேன். "7 மணிக்கு 250. 9 மணிக்கு 350 வேணும். ஆனா 9-க்கு லைன் இல்ல, 7-க்கு அப்புறம் 12 தான். 12-ல 800 போட்டா 9-லயே பனி போயிடுது. 12-ல எவ்வளவு போடணும்? டீச்சர்கிட்ட கேக்கணும்."

கேட்பதற்கு முன்பே நான் நோட்டைப் பிடுங்கிவிட்டேன். விசாரிக்காமல் தீர்ப்புச் சொன்னேன். உன் அப்பாவை அலைய வைத்தேன், உன்னை அடிபட வைத்தேன். தப்பு என்னுடையது. என்னை மன்னித்துவிடு. அப்பா நலமாக இருந்தால் அவரிடமும் நேரில் வந்து சொல்ல ஆசை.

உன்னைத் தெரிந்தவர்கள் கமெண்டில் பெயர் போட வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். இந்தப் பதிவை அவனுக்கு அனுப்பி வைத்தால் போதும். நோட்டு என் மேசையில் பத்திரமாக இருக்கிறது.

உன் சந்தேகத்துக்கு விடை இதோ. இதற்குப் பெயர் இடைச்செருகல், அடுத்த வருடம் நானே நடத்துகிற பாடம். 7-லிருந்து 12 வரை ஐந்து மணி நேரம். 9 மணி என்பது அதில் ஐந்தில் இரண்டு பங்கு தூரம். 800 போட்டால் 9 மணிக்கு 470 வந்துவிடும், அதனால்தான் பனி சீக்கிரம் கலைந்தது. உனக்கு வேண்டியது 250-க்கு மேல் 100. அது ஐந்தில் இரண்டு பங்கு என்றால் முழுப் பங்கு 250. ஆகவே 12 மணிக்கு 500 போடு.

நாங்கள் போட்டுப் பார்த்துவிட்டோம். 9 மணிக்குச் சரியாக வருகிறது.

அன்புடன்,
உங்கள் கணக்கு டீச்சர்,
வாழவந்தி