வலது காலின் ஜூன் மாதம்

ஜூன் 3, செவ்வாய்

தியாகராய நகர் ஜவுளிக்கடை ஒன்றின் பட்டுப் பிரிவு. காலையில் நின்றால் இரவு கடை சாத்தும்போதுதான் கால் மடங்கும். அங்கே மூத்த விற்பனையாளருக்கு வயது 48. அவருடைய வலது முழங்காலின் உள்பக்கத்திலிருந்து கணுக்கால்வரை நாளங்கள் பச்சையாகப் புடைத்து நெளிந்து இறங்குகின்றன. அந்தப் புடைப்பு இரண்டாவது பிரசவத்தின்போதே வந்தது. இப்போது புதிதாக வந்திருப்பது கணுக்காலுக்குச் சற்று மேலே கருத்துப்போன ஒரு திட்டு. அரிக்கிறது, சொறிந்தால் தோல் உரிகிறது.

மதியச் சாப்பாட்டு நேரத்தில் ஆளுக்கொரு யோசனை வந்தது.

"லேசர் வெச்சுக்குங்கக்கா, தழும்பே தெரியாது" என்றது சுடிதார் பிரிவு. "எங்க மாமியாருக்கு நரம்பையே உருவி எடுத்தாங்க, எழுந்து நடமாட ரெண்டு வாரம் ஆச்சு" என்றார் பில் போடும் பெண். இப்போது பசை வந்திருக்கிறது, ஒட்டிவிட்டு அன்றைக்கே அனுப்பிவிடுகிறார்கள் என்றார் இன்னொருவர். மூன்று பேரும் கருவியைப் பற்றித்தான் பேசினார்கள். எந்த நாளத்தில் கோளாறு என்பது அங்கே யாருக்கும் தெரியாது. காலுக்குச் சொந்தக்காரருக்கும் தெரியாது.

ஜூன் 5, வியாழன்

வார விடுமுறை. டாப்ளர் ஸ்கேன் அறையில் படுக்கச் சொல்லவில்லை. வலது காலைத் தளர்த்தி இடது காலில் நிற்கச் சொன்னார்கள். படுத்தால் நாளம் வடிந்துவிடும், கசிவு சரியாகப் பிடிபடாது.

காலில் இறங்கிய ரத்தத்தை மேலே ஏற்றுவது கெண்டைக்கால் தசை. நடக்கும்போது அது இறுகி, உள்ளே ஓடும் ஆழ்நாளங்களை நெருக்கி ரத்தத்தை இதயத்தை நோக்கித் தள்ளுகிறது. தள்ளியது திரும்பி வராமல் வால்வுகள் மூடிக்கொள்கின்றன. தோலுக்கு அருகில் ஓடும் நாளங்களில் நீளமானது 'கிரேட் சஃபீனஸ்'. பாதத்திலிருந்து கணுக்காலின் உள்பக்கமாக ஏறித் தொடை இடுக்கில் ஆழ்நாளத்தோடு சேர்கிறது. அந்தச் சேருமிடத்து வால்வு பழுதானால் ஏறிய ரத்தம் இதன் வழியே மறுபடி கீழே விழும். கிளைகள் வீங்கும், நெளியும். வெளியே தெரியும் முடிச்சுகள் அந்தக் கிளைகள்தான். மூல நாளம் பெரும்பாலும் கண்ணுக்குப் படாது.

டெக்னீஷியன் கெண்டைக்காலைப் பிழிந்து விட்டார். திரையில் ஒரு நிறம் மேலே ஓடியது. கையை எடுத்ததும் மாற்று நிறம் கீழே ஓடியது. அரை விநாடிக்கு மேல் பின்னோக்கி ஓடினால் அது கசிவு. இவருக்கு மூன்று விநாடியைத் தாண்டியது. ஆழ்நாளங்களில் அடைப்போ கசிவோ இல்லை. கெண்டைக்காலின் பின்பக்கத்தில் ஓடும் 'ஸ்மால் சஃபீனஸ்' நாளமும் நன்றாக இருந்தது.

"லேசரா பசையான்னு அப்புறம் பேசலாம்மா" என்றார் ரத்தநாள அறுவை மருத்துவர். "எது லீக் ஆகுது, எங்கிருந்து எதுவரைக்கும் லீக் ஆகுதுன்னு இந்தப் படத்துல இருக்கு. அதுக்கேத்த வைத்தியம்தான்."

அறிக்கையில் 'சி4' என்று எழுதினார். 1994இல் வகுக்கப்பட்ட சர்வதேசத் தரவரிசை இது. புடைத்த நாளம் மட்டும் என்றால் சி2, வீக்கம் சேர்ந்தால் சி3, தோல் மாறினால் சி4, ஆறிய புண் சி5, ஆறாத புண் சி6. நாளத்தில் அழுத்தம் ஏறும்போது சிவப்பணுக்கள் தோலுக்குள் கசிந்து உடைகின்றன. அவற்றின் இரும்பு படிந்ததுதான் அந்தக் கருந்திட்டு.

காத்திருப்பு வரிசையில் பக்கத்து நாற்காலிக்காரர் போக்குவரத்துக் காவலிலிருந்து ஓய்வு பெற்றவர். கணுக்காலில் புண், அதன் மேல் கட்டு. புண் ஆறட்டும், பிறகு நாளத்தைப் பார்க்கலாம் என்று மாதக்கணக்கில் தள்ளிப்போட்டவர். புண் முதலில், நாளம் பிறகு என்ற அந்த வரிசையே தவறு என்று 2018இல் பிரிட்டனில் 450 பேரிடம் நடந்த 'எவ்ரா' ஆய்வு காட்டியது. அழுத்தக் கட்டுடன் நாளத்தையும் உடனே அடைத்தவர்களுக்குப் புண் ஆற எடுத்த இடைநிலைக் காலம் 56 நாள். காத்திருந்தவர்களுக்கு 82 நாள்.

ஜூன் 6, வெள்ளி

கல்லூரியில் படிக்கும் மகன் இரவு முழுவதும் ஃபோனில் தேடிப் படித்து அம்மாவுக்குச் சொல்லிக்கொண்டிருந்தான்.

ரோமானியத் தளபதி கையுஸ் மாரியுஸ், தன்னைக் கட்டிப்போட வேண்டாம் என்று சொல்லி ஒரு காலை அறுக்கக் கொடுத்தாராம். முடிந்ததும் மருத்துவர் மற்றக் காலுக்குப் போனபோது, கிடைக்கும் குணம் இந்த வலிக்கு ஈடில்லை என்று மறுத்துவிட்டதாக புளூடார்க் எழுதிவைத்திருக்கிறார். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் ஜெர்மனியின் ஃபிரெட்ரிக் டிரெண்டலன்பெர்க் நாளத்தைத் தொடையில் கட்டிக் கசிவை மறித்தார். கட்டினால் மட்டும் போதவில்லை. அமெரிக்காவில் மூன்றே ஆண்டுகளில் மூன்று வழிகள் வந்தன. 1905இல் கெல்லர் கம்பியைச் செருகி நாளத்தை உள்வெளியாகப் புரட்டி இழுத்தார். 1906இல் சார்ல்ஸ் மேயோ வளையம் ஒன்றை நாளத்தின் வெளியே கோத்துத் தள்ளினார். 1907இல் பாப்காக் முனையில் குமிழ் வைத்த கம்பியை நாளத்துக்குள் ஓட்டி உருவினார். பில் போடும் பெண்ணின் மாமியாருக்கு நடந்த 'ஸ்ட்ரிப்பிங்' இந்தக் குடும்பத்தைச் சேர்ந்தது.

இன்றும் அந்த அறுவை வழக்கில் இருக்கிறது. முதுகில் ஊசி போட்டோ முழு மயக்கத்திலோ, தொடை இடுக்கில் சிறிதாகக் கீறி, நாளம் சேரும் இடத்தில் கட்டி, முழங்கால்வரை உருவி எடுக்கிறார்கள். கணுக்கால்வரை போவதில்லை. முழங்காலுக்குக் கீழே உணர்ச்சி நரம்பு ஒன்று நாளத்தை ஒட்டியே ஓடுகிறது. அது அடிபட்டால் பாதத்தின் உள்பக்கம் மரத்துப்போகும்.

"உருவிட்டா ரத்தம் எப்படிடா மேல போகும்?"

"ஆழத்துல இருக்கிற நாளம்தாம்மா பத்துல ஒன்பது பங்கைக் கொண்டுபோகுது. இது கெட்டுப்போன வழி. அடைச்சாத்தான் மத்ததுக்குச் சுமை குறையும்."

அவன் இன்னொன்றையும் தேடிப் பார்த்திருந்தான். இதய பைபாஸ் அறுவைக்கு எடுப்பது இதே நாளத்தைத்தானே? ஆமாம், 1967இல் கிளீவ்லாந்தில் ரெனே ஃபவலோரோ கையாண்டு பரவலாக்கிய முறை அது. அதனால்தான் நல்ல நாளத்தை யாரும் தொடுவதில்லை. இப்படி விரிந்து நெளிந்த நாளம் பைபாஸுக்கு நல்ல சரக்கும் அல்ல.

ஜூன் 9, திங்கள்

மருத்துவர் மேஜையில் நான்கு வழிகளை வைத்தார். உருவுவதற்குப் பதிலாக உள்ளேயே அடைப்பதில் மூன்று வகை: சூடு, பசை, நுரை. நான்காவது பழைய ஸ்ட்ரிப்பிங்.

சூட்டில் லேசரும் ரேடியோ அலையும் உண்டு. இரண்டும் 2000க்கு முன்பின்னாக வந்தவை. முழங்காலுக்கு அருகே ஊசித் துளை வழியாக மெல்லிய இழையைச் செருகி, ஸ்கேனில் பார்த்தபடி தொடை இடுக்குவரை ஏற்றுகிறார்கள். ஆழ்நாளச் சந்திப்புக்கு இரண்டு சென்டிமீட்டர் முன்னதாக முனை நிற்க வேண்டும். பிறகு சூடேற்றியபடி பின்னிழுத்தால் நாளச் சுவர் சுருங்கி ஒட்டிக்கொள்ளும். சில மாதங்களில் உடலே அதைக் கரைத்துவிடும்.

பசை, சயனோஅக்ரிலேட். கடையில் விற்கும் உடனடிப் பசையின் உறவுக்காரப் பொருள். அமெரிக்க அனுமதி 2015இல் கிடைத்தது. சூட்டுக்குப் போடுவதுபோலத் தொடை நெடுக மரப்பு ஊசிகள் தேவைப்படாது, காலுறையும் கட்டாயமில்லை. ஆனால் விலை அதிகம், பசை உள்ளேயே தங்கும், சிலருக்கு நாளத்தின் மேல் சிவந்து தடித்து ஒவ்வாமை வரும்.

நுரை எல்லாவற்றிலும் எளிது. நாளத்தின் உள்சுவரைப் புண்ணாக்கும் மருந்தையும் காற்றையும் இரண்டு சிரிஞ்சுகளுக்கிடையே மாற்றி மாற்றித் தள்ளினால் நுரையாகும்; இத்தாலியின் லொரென்ஸோ டெஸ்ஸாரி பரப்பிய வழி. மயக்கம் தேவையில்லை, மறுபடியும் போடலாம். ஆனால் பெரிய மூல நாளம் திரும்பத் திறந்துகொள்வது இதில்தான் அதிகம். பழுப்புக் கறை சில மாதம் நிற்கலாம்.

"எது பெஸ்ட், டாக்டர்?"

பிரிட்டனின் 'நைஸ்' அமைப்பு 2013இல் வகுத்த வரிசையைச் சொன்னார்: முதலில் சூடு, அது பொருந்தாவிட்டால் நுரை, அதுவும் இல்லாவிட்டால் ஸ்ட்ரிப்பிங். அதே நாட்டின் 'கிளாஸ்' ஆய்வு 11 மையங்களில் 798 பேரைச் சேர்த்துக்கொண்டது. ஐந்தாண்டு முடிவு 2019இல் வெளிவந்தபோது, லேசரோ ஸ்ட்ரிப்பிங்கோ செய்துகொண்டவர்கள் நுரைக்காரர்களைவிட நல்ல நிலையில் இருந்தார்கள். டென்மார்க்கில் 500 பேரிடம் லேசர், ரேடியோ அலை, நுரை, ஸ்ட்ரிப்பிங் ஆகியவற்றை ஒப்பிட்ட 2011ஆம் ஆண்டு ஆய்வில், ரேடியோ அலையும் நுரையும் வலி குறைவாக, சீக்கிரம் வேலைக்குத் திரும்பவைத்தன. நுரை அதிகம் தோற்றது.

பழைய அறுவை தோற்றுப்போன வைத்தியம் இல்லை என்பதும் இதில் இருக்கிறது. நாளம் மிகவும் வளைந்து இழை ஏறாவிட்டால், தோலை ஒட்டி ஓடிச் சூடு சுடும் என்றால், கருவிக்குக் காசில்லை என்றால், கத்தி இன்னும் நேர்வழிதான்.

இவருடைய நாளம் தொடையில் நேராக ஓடுகிறது, 8 மில்லிமீட்டர் அகலம். ரேடியோ அலை என்று முடிவானது. முழங்காலுக்குக் கீழே உள்ள முடிச்சுகளைத் தனியாக எடுக்க வேண்டும். காப்பீட்டுக்கு ஸ்கேன் அறிக்கையும் சி4 என்ற பதிவும் இணைக்கப்பட்டன. அழகுக்காகச் செய்வதென்று நினைத்துவிட்டால் பணம் வராது.

ஜூன் 13, வெள்ளி

நிற்கவைத்துப் பேனாவால் முடிச்சுகளைக் குறித்தார்கள். படுத்தால் அவை காணாமல் போய்விடும்.

பிறகு தொடை நெடுக ஊசி. உப்புநீரில் மிகவும் நீர்த்த மரப்பு மருந்தும் அட்ரினலினும் கலந்தது. கொழுப்பு உறிஞ்சும் சிகிச்சைக்காக 1987இல் கலிஃபோர்னியாவின் தோல் மருத்துவர் ஜெஃப்ரி கிளைன் எழுதிய முறை இங்கே வந்து சேர்ந்தது. இந்த நீர் வலியை மரக்கவைக்கிறது, நாளத்தை நெருக்கி இழையோடு ஒட்டவைக்கிறது, சுற்றியுள்ள திசுக்களைச் சூட்டிலிருந்து காக்கிறது. முழு நடைமுறையிலும் இவருக்கு வலித்தது இந்த ஊசிகள்தான்.

இழை 120 டிகிரிக்குச் சூடேறும். ஒரு தடவைக்கு 7 சென்டிமீட்டர், 20 விநாடி. மேல்பகுதிக்கு மட்டும் இரண்டு தடவை. தொடை இடுக்கிலிருந்து முழங்கால்வரை இறங்க ஏழு தடவை. சூடு வைத்த நேரத்தைக் கூட்டினால் மூன்று நிமிடம்கூட இல்லை. மீதி நேரம் முழுக்க முடிச்சுகளுக்குப் போனது. சுவிட்சர்லாந்தின் ராபர்ட் முல்லர் 1950களில் உருவாக்கிய வழியில், தையலே தேவைப்படாத சிறு துளைகள் வழியே கொக்கியை விட்டு நெளிந்த கிளைகளைத் துண்டு துண்டாக வெளியே இழுத்தார்கள்.

அழுத்தக் காலுறை மாட்டியதும் நடக்கச் சொன்னார்கள். வராந்தாவில் அரைமணி நேரம் நடந்துவிட்டு, மாலையில் மகனுடன் ஆட்டோவில் வீடு.

ஜூன் 16, திங்கள்

தொடையின் உள்பக்கம் ஊதா நிறம். காலை நீட்டினால் உள்ளே ஒரு கயிறு இழுப்பதுபோல இருக்கிறது. நாளம் சுருங்குவதன் அடையாளம்தான் இது, சில வாரம் இருக்கும் என்று முன்பே சொல்லியிருந்தார்கள். நடக்கலாம், சமைக்கலாம், ஒரே இடத்தில் நெடுநேரம் நிற்கக் கூடாது. கெண்டைக்கால் திடீரென்று வீங்கி வலித்தாலோ மூச்சு வாங்கினாலோ காத்திருக்காமல் வர வேண்டும். ஆழ்நாளத்தில் ரத்தம் உறைந்திருக்கலாம். அது அபூர்வம். ஆனால் அந்த இரண்டு அறிகுறிகளும் குளிர்பதனப் பெட்டியின் கதவில் எழுதி ஒட்டப்பட்டிருக்கின்றன.

கடை மேலாளரின் ஃபோன் வந்தது. எப்போது வருவீர்கள் என்று கேட்டார்.

"வர்றேன் சார். ஆனா உக்கார ஒரு ஸ்டூல் வேணும்."

2021இல் தமிழ்நாடு கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டத்தில் 22-அ பிரிவைச் சேர்த்தார்கள். ஊழியர் உட்கார இடம் தர வேண்டும் என்கிறது அது. கேரளம் 2018லேயே செய்துவிட்டது. அங்கே கோழிக்கோட்டின் தொழிலாளர் உரிமைப் போராளி விஜி போன்றவர்களும் ஜவுளிக்கடைப் பெண்களும் ஆண்டுக்கணக்கில் அதற்காகப் போராடினார்கள். மருத்துவமனை ஒரு நாளத்தை அடைத்திருக்கிறது. காலில் இருக்கும் மற்ற நாளங்கள் நாளைக்கும் அதே பட்டுப் பிரிவில்தான் நிற்கப்போகின்றன.

ஜூன் 20, வெள்ளி

மறு ஸ்கேன். மூல நாளம் முழுக்க அடைபட்டிருக்கிறது. அடைப்பு ஆழ்நாளத்துக்குள் நீளவில்லை. அரிப்பு குறைந்துவிட்டது. கருமை மெதுவாகத்தான் மங்கும், முழுவதும் போகாமலும் இருக்கலாம். முழங்காலுக்குக் கீழே ஒரு சிறு கிளை மிச்சமிருக்கிறது. ஆறு வாரம் கழித்தும் தெரிந்தால் நுரை ஊசி போதும்.

இவர் இடது காலை நீட்டிக் காட்டினார். தொடையில் சிலந்தி வலையாகச் சிவப்பு, நீலக் கோடுகள்.

"இதையும் இப்பவே முடிச்சுடலாமா, டாக்டர்? லீவு போட்டாச்சு, காப்பீடும் இருக்கு."

மருத்துவர் அந்தக் காலையும் நிற்கவைத்து ஸ்கேன் செய்தார். சந்திப்பு வால்வு நன்றாக மூடியது. நாளத்தில் பின்னோட்டம் இல்லை.

"இதுல அடைக்க எதுவும் இல்லம்மா. வேலைக்குப் போறப்ப காலுறை போடுங்க. வீங்கினா, தோல் கருத்தா வாங்க."

சீட்டில் வலது காலுக்கு அடுத்த தேதியை எழுதினார். இடது காலுக்கு எழுதவில்லை.