சிறகுடைய விருந்தினர்

திருவரங்கத்தைத் தழுவியோடும் காவிரியின் கடைமடை நோக்கி, நாங்கள் பன்னிருவர் திருச்சிராப்பள்ளியிலிருந்து சிற்றுந்தில் புறப்பட்டோம். 1930 ஏப்ரலில் இராஜாஜி தலைமையில் உப்பு அறப்போர்த் தொண்டர்கள் இந்நகரினின்று வேதாரணியம் வரை பதினைந்து நாள்கள் நடந்தனர்; எங்களுக்கோ அரைநாளே போதுமானதாயிற்று.

1967இல் அமைக்கப்பெற்ற கோடியக்கரைச் சரணாலயத்தில் வெளிமான்கள் மேய்ந்தன. சதுப்புநிலத்தில் பூநாரைகள் இரை தேடின. அருகே செல்ல விழைந்தோரை வழிகாட்டி தடுத்தார். "அஞ்சிப் பறக்குந்தோறும் அவற்றின் இரையும் குறையும், நெடும்பயணத்திற்குச் சேர்த்த வலிமையும் வீணாகும்" என்றார். வண்டியை நிறுத்தி, தொலைவிலிருந்தே அமைதியாக நோக்கினோம்.

2018 நவம்பரில் கஜா புயல் இக்கரையின் மரங்களைச் சாய்த்தது. புயலைத் தடுக்க நம்மால் இயலாது. ஆரவாரத்தைத் தவிர்க்க இயலும். விருந்தோம்பலைப் போற்றும் நாம், சிறகுடைய விருந்தினர்க்கும் அதனை நல்குவோமாக!