பொருள் அறியாமல் தலையாட்டலாமா?

கருவறையில் ஒலித்த மந்திரத்துக்குப் பொருள் கேட்பது குற்றம் என்றிருந்த நாட்டில், கேட்பதே அறிவு என்று கற்றவர்கள் நாம். இன்று மந்திரம் வேறு கோலத்தில் வருகிறது. மோனசைட், இல்மனைட், ஹாஃப் லைஃப் என்று அச்சேறிய தாளில் ஆங்கிலமாக வருகிறது. விளங்காததனாலேயே மேன்மை பெறுகிறது!

குமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சிக் கடற்கரையின் மணலில் கருமை கலந்திருக்கக் காண்கிறோம். அக்கருமை தருவது இல்மனைட். ரஷ்யாவின் இல்மென் மலையால் பெயர் பெற்றது. இரும்பும் டைட்டானியமும் சேர்ந்த கனிமம். வெள்ளை வண்ணப்பூச்சுக்கு மூலப்பொருள். உடன் கிடப்பது மோனசைட். ‘தனித்திருத்தல்’ எனும் கிரேக்கச் சொல்லின் வழிவந்த பெயர். அதனுள் உறைவன அருமண் தனிமங்களும், கதிர்வீசும் தோரியமும்.

1909-ஆம் ஆண்டில், திருவிதாங்கூரிலிருந்து கடல் கடந்து சென்ற தென்னைநார்க் கயிற்றில் ஒட்டியிருந்த மணலைக் கண்டு, மோனசைட் இங்கே உண்டென்று அறிந்தார் ஜெர்மானியர் ஷோம்பெர்க். கயிறு திரித்த கைகளோ அதை அறியவில்லை!

2024-இல் கிள்ளியூர் வட்டாரத்தில் 1,144 ஹெக்டேர் பரப்பில் மணல் எடுக்கும் திட்டம் பற்றிய கருத்துக் கேட்புக் கூட்டம் அறிவிக்கப்பட்டு, எதிர்ப்பு எழவே ஒத்திவைக்கப்பட்டது. அந்நாட்களில் கடலோரப் படிப்பகம் ஒன்றில் நாம் அமர்ந்திருந்தபோது முதியவர் ஒருவர் கேட்டார்: “மக்களே, இந்த ஹாஃப் லைஃப்னா என்னது?”

“பாட்டா, பதினாறு கோட்டை நெல் இருக்குன்னு வைங்க. ஒரு காலத்துல பாதி போகும், எட்டு மிஞ்சும். அதே அளவு காலம் இன்னொரு தடவை கழிஞ்சா, எட்டுல பாதி போகும், நாலு மிஞ்சும்,” என்றோம்.

“அப்போ ரெண்டு தடவையில தீராதா?” என்றார். அந்த ஒரு கேள்வியில் சொல் அவருக்குச் சொந்தமாயிற்று.

தோரியத்தின் அரையாயுள் ஏறத்தாழ 1,400 கோடி ஆண்டுகள். இத்தனை நீண்ட அரையாயுள் என்றால், மிக மெல்லச் சிதைகிறது என்றும் பொருள். அச்சமூட்டுவோர் இதனை மறைக்கலாகாது. அச்சமே வேண்டாம் என்போர், தோரியத்தோடு அதன் சிதைவில் பிறக்கும் பிற கதிரியக்கப் பொருள்களும் உண்டென்பதை மறைக்கலாகாது. பகுத்தறிவு இரு பக்கமும் பொருள் கேட்கும்.

ஆனால், 2006-ஆம் ஆண்டின் சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு அறிவிக்கை மக்கள் மொழியில் கேட்பது அறிக்கையின் சுருக்கத்தைத்தான். மண் முழுதும் மக்களுடையது. அறிக்கையில் மட்டும் அவர்களுக்குச் சுருக்கமா?

தமிழில் இயலாது என்பார் யாழ்ப்பாணத்து மானிப்பாயை எண்ணிப் பார்க்கட்டும். அமெரிக்க மருத்துவர் சாமுவேல் ஃபிஸ்க் கிரீன், 19-ஆம் நூற்றாண்டிலேயே அங்கே மேலை மருத்துவத்தைத் தமிழில் கற்பித்தார், நூல்களைத் தமிழாக்கினார், கலைச்சொற்களைத் தொகுத்தார். அயலவர்க்கு இயன்றது நமக்கு இயலாதா?

தோழர்களே! படிப்பகந்தோறும் ஒரு சொற்பட்டியல் எழுதித் தொங்கவிடுவோம். கருத்துச் சொல்ல அழைக்கப்படும் மக்கள், முதலில் சொல்லுக்குப் பொருள் கேட்கட்டும். பொருள் கூறாதவர்க்கு ஒப்புதல் கேட்கும் உரிமை ஏது?